இந்திராக்காவின் பிடி

மொன்றியலின் ஜாரி மெட்ரோவில் கதவு மூடப்போகும் நேரத்தில் ஏறிய கூட்டத்தில், இந்திராக்காவின் பனிச்சப்பாத்து ஓர் இளைஞனின் காலில் பட்டுவிட்டது. காதில் பாட்டை மாட்டிக்கொண்டு எங்கோ பார்த்திருந்த அவனுக்கு அது தெரியவே தெரியாது. இந்திராக்கா சும்மா இருப்பாரா? அவன் முழங்கையைத் தொட்டு, தொட்ட விரல்களைத் தன் இரு கண்களிலும் ஒற்றிக்கொண்டார். பையன் திடுக்கிட்டுப் போனான். முழங்கையில் ஏதாவது ஒட்டியிருக்கிறதா என்று திருப்பித் திருப்பிப் பார்த்தான். "பார்தோன்" என்று பிரெஞ்சில் மன்னிப்புக் கேட்டு இவர் சிரித்தார். இரண்டு நிலையம் தள்ளி இறங்கும்போது, "பொன் ஜுர்னே, மதாம்" என்று அவன் மரியாதையாக விடைபெற்றுப் போனான்.

"அவனுக்குத் தெரியவே இல்லையேக்கா, விட்டிருக்கலாமே," என்றேன் நான்.

"அவருக்குத் தெரியாட்டி என்ன உஷா, என்ர காலுக்குத் தெரியும்தானே."

கால் பட்டால் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வது நம் எல்லார் வீட்டிலும் சொல்லித் தந்ததுதான். சென்னையில் வளர்ந்த எனக்கும் அந்தப் பழக்கம் உண்டு. ஆனால் மொன்றியலுக்கு வந்த பிறகு அதைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சுருக்கி, யார் கண்ணிலும் படாமல் விரலைக் காற்றில் ஓர் ஆட்டு ஆட்டி நெஞ்சில் வைப்பதோடு நான் நிறுத்திக்கொண்டேன். இந்திராக்கா ஒரு துளியும் குறைக்கவில்லை. பக்கத்து வீட்டு நாய்க்கும், டெப்பனர் என்கிற தெருமுனைக் கடையில் வழியில் கிடக்கும் அரிசி மூட்டைக்கும், நூலகத்தில் யாரோ தரையில் போட்டுவிட்டுப் போன புத்தகத்துக்கும் ஒரே மரியாதைதான். ஜான்-டலோன் சந்தையில் பூசணிக்காய்களுக்கு நடுவே காலை நீட்டி உட்கார்ந்திருக்கும் ஒரு வியாபாரி, இவர் வருவதைக் கண்டால் இப்போதெல்லாம் தானாகவே காலை மடக்கிக்கொள்கிறார்.

முழுப்பெயர் இந்திராதேவி பேரின்பநாதன். ஐம்பதைத் தாண்டியவர். குட்டையான, கெட்டியான உடம்பு; இறுக்கி முடிந்த கொண்டை; குளிரிலும் ஸ்வெட்டர் கையை முழங்கை வரை சுருட்டிவிட்டுக்கொள்ளும் பழக்கம். எங்கள் வில்லரே பகுதியில் ஒரு கார்டெரியில், அதாவது சின்னஞ்சிறுசுகளைப் பகலில் வைத்துப் பார்த்துக்கொள்ளும் இடத்தில், சமையல் வேலை. அந்தச் சமையலறையில் எந்தப் பக்கம் திரும்பினாலும் காலடியில் ஒரு குழந்தை இருக்கும் என்பதால், இவர் நாள் முழுவதும் தொட்டுத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டே சமைப்பார். பார்த்துக்கொண்டிருக்கிற பிள்ளைகள் சும்மா இருக்குமா? ஒரு தாய் வந்து, தன் மகள் வீட்டில் பூனையின் வாலை மிதித்துவிட்டு, பூனையைத் தொட்டுத் தன் கண்ணில் ஒற்றிக்கொள்கிறாள், இது எந்தப் பாடத்திட்டம் என்று கேட்டிருக்கிறார். கார்டெரியின் பொறுப்பாளர் சமையலறைக்கு வந்து விசாரித்தார். இந்திராக்கா லீக்ஸ் வெங்காயத்தாளை நறுக்குவதை நிறுத்தாமல், "பூனைக்கு நோகும்தானே" என்று பிரெஞ்சில் சொல்லி அனுப்பிவிட்டார்.

இப்படிப்பட்டவர்தான் சீன மல்யுத்தம் பழகுகிறார். எதிரில் நிற்பவரின் காலைத் தன் காலால் தட்டி வீழ்த்துவதுதான் அதில் முக்கால் பங்கு.

எப்படிப் போய் மாட்டிக்கொண்டார் என்பதைச் சொல்ல வேண்டும். எங்கள் வீடு வில்லரேயில் உள்ள பழைய மூன்றடுக்கு வீடுகளில் ஒன்று. நான் கீழே, அவரும் கணவர் பேரின்பநாதனும் எனக்கு மேலே. மேல்வீட்டுக்குப் போகும் இரும்புப் படிகள் வெளிப்புறத்தில் வளைந்து இறங்கும். வேனிற்காலத்தில் படமெடுக்க அழகாக இருக்கும். ஜனவரியில் அந்தப் படிகளைக் கட்டியவனைத் திட்டாமல் யாரும் இறங்க முடியாது. ஒரு ஜனவரிக் காலையில் இந்திராக்கா வேலைக்குப் புறப்பட்டவர், நடுப்படியில் சறுக்கி, கையை ஊன்றி விழுந்தார். மணிக்கட்டு முறிந்துவிட்டது.

மணிக்கட்டு வசந்தத்துக்குள் பொருந்திவிட்டது, பயம்தான் போகவில்லை. அடுத்த பனிக்காலம் தொடங்கியதும் சுவரைப் பிடித்து, கம்பியைப் பிடித்து, நிறுத்தியிருக்கும் கார்களைப் பிடித்துத்தான் தெருவில் நடந்தார். மெட்ரோவிலிருந்து கார்டெரிக்குப் போகும் சின்னத் தூரத்துக்கு அவர் எடுத்த நேரத்தில் நான் போய்த் திரும்பியே வந்திருப்பேன். பிறகு சனிக்கிழமைச் சந்தை நின்றது. கோயில் நின்றது. வேலையையும் விட்டுவிடலாமா என்று ஒருநாள் என்னிடம் கேட்டார். அப்படிக் கேட்கிற ஆளே இல்லை அவர். எனக்குக் கஷ்டமாக இருந்தது.

அப்போது வழி காட்டியவர் ஜினெட். கார்டெரியில் இவரோடு வேலை செய்கிற, நெட்டையான, அதிகம் பேசாத கெபெக்காரர், இந்த மாகாணத்திலேயே பிறந்தவர். இந்திராக்கா வாசல் கம்பியை விடாமல் நிற்பதைப் பார்த்துவிட்டு, "விழப் பயமா? வா, விழக் கற்றுத் தருகிற இடம் இருக்கிறது," என்று ஒரு தேவாலயத்தின் நிலவறைக்குக் கூட்டிப் போனார்.

"நான் விழப் பழகுறன் உஷா," என்று இந்திராக்கா வந்து சொன்னபோது எனக்குப் புரியவில்லை. அவருக்குமே முழுதாகப் புரியவில்லை என்றுதான் நினைக்கிறேன். முதல் சில மாதங்கள் அங்கே விழுவதைத் தவிர வேறொன்றும் நடக்கவில்லை. கையை ஊன்றக் கூடாது. முகவாயை நெஞ்சோடு ஒட்ட வேண்டும். உடம்பை வளைத்து, முன்கை முழுவதும் தரையில் அறைய வேண்டும். முறிந்த கையை ஊன்றாமல் விழப் பழகுவதற்குள் இவருக்குப் போதும் போதும் என்றாகிவிட்டது. அதன் பிறகுதான் இரண்டிரண்டு பேராக நிறுத்தி, ஒருவர் சட்டையை மற்றவர் பிடிக்கச் சொல்லி, வகுப்பின் பெயரே ஷுவாய் ஜியாவ், இது சீனத்துப் பழைய மல்யுத்தம் என்றார்கள்.

"விழுறதுக்கு எண்டு போனன். பேந்து பாத்தா, விழுத்துறதுக்கும் சேத்துத்தானாம்."

பேரின்பநாதன் அண்ணனுக்கு இது பால்கனியில்தான் தெரியவந்தது. கெட்டித் துணியைப் பல மடிப்பாகத் தைத்த அரைக்கைச் சட்டை ஒன்று, இடுப்புக் கச்சையோடு, காய்ந்துகொண்டிருந்தது. அவர் துறைமுகத்தில் கொண்டெய்னர் இறக்கும் வேலை செய்கிறவர். மெதுவாகப் பேசுவார். சட்டையை விரலால் தட்டிப் பார்த்துவிட்டு, "இதைப் போட்டுக்கொண்டு ஆரை விழுத்தப் போறீர்? வீட்டில நான் ஒருத்தன்தானே இருக்கிறன்," என்றார். கீழ்வீட்டில் கேட்டுக்கொண்டிருந்த எனக்குச் சிரிப்பு அடங்க வெகு நேரமாயிற்று.

பாடம் சொல்லித் தருபவர் ஹான். சீனாவின் வடக்கிலிருந்து வந்தவர், பகலில் லிஃப்ட் பழுதுபார்ப்பவர், இந்திராக்காவைவிட இருபது வயதாவது இளையவர். முதல் நாளே அவரை "தம்பி" என்று கூப்பிட்டுவிட்டார் இவர். என்ன பொருள் என்று ஹான் கேட்டார், இவர் சொன்னார், ஹானுக்குப் பிடித்துப்போய்விட்டது. இப்போது அந்த நிலவறையில் அல்ஜீரியாக்காரர், கெபெக்காரர், வியட்நாம்காரர் எல்லாருமே அவரைத் தம்பி என்றுதான் கூப்பிடுகிறார்கள்.

நான் ஒருமுறை பார்க்கப் போனேன். மெத்தைவிரிப்பில் ஏறும் முன் இந்திராக்கா குனிந்து விரிப்பைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். மிதிக்கப் போகிறோமே என்று முன்கூட்டியே ஒரு மன்னிப்பு. பிறகு ஜினெட் இவர் சட்டையைப் பிடித்தார், ஒரு திருப்புத் திருப்பினார், இந்திராக்கா மேலே போய்க் கீழே வந்தார். விழுந்த இடத்திலிருந்து ஒரு குரல் வந்தது: "மெர்சி."

"விழுத்தினவங்களுக்கு எதுக்குக்கா நன்றி?" என்று திரும்பி வரும்போது கேட்டேன்.

"நல்லாப் பாத்தனீங்களோ? அவா என்னை விழுத்தினவா. ஆனா என்ர சட்டைக் கையை விடேல்லை. நிலத்தில முட்டுமட்டும் மேல இழுத்துப் பிடிச்சுக்கொண்டுதான் நிண்டவா. அதாலதான் தலை அடிபடாது. அதுக்குத்தான் மெர்சி."

வீழ்த்துகிறவர்தான் காப்பாற்றவும் வேண்டும் என்பது அந்த மல்யுத்தத்தின் முறையாம். அடி, உதை கிடையாது. பாதம் தவிர வேறெது தரையில் பட்டாலும் தோல்வி. வீழ்த்திய பின் பிடியை விட்டால் வெற்றி பெற்றவருக்குத்தான் அவமானம். இந்திராக்கா என்னிடம் சொல்லும்போதெல்லாம் வெற்றி தோல்வியை விட்டுவிட்டு, யார் யார் தன் சட்டையை எப்படிப் பிடித்தார்கள் என்பதைத்தான் விரிவாகச் சொல்வார். ஒவ்வொருவர் பெயருக்குப் பின்னாலும் "பாவம், நல்ல பிள்ளை" என்பார்.

அதற்கடுத்த பனிக்காலத்தில் உறைமழை பெய்தது. மரம், கம்பி, படி எல்லாம் கண்ணாடி போட்டதுபோல் மினுங்கின. இந்திராக்கா படியில் இறங்கி வருவதை என் ஜன்னலிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். அதே நடுப்படியில் கால் வழுக்கியது. நான் கதவைத் திறந்து ஓடுவதற்குள் அவர் உடம்பைச் சுருட்டி, முன்கையால் படியை அறைந்து, கடைசிப் படியில் பிள்ளையார் மாதிரி உட்கார்ந்திருந்தார். ஒரு சிராய்ப்பு இல்லை. சிரித்துக்கொண்டிருந்தார். "உஷா, நான் விழுந்திட்டன்," என்று, பரீட்சையில் தேறிய பிள்ளைபோல் சொன்னார். எனக்குத்தான் அழுகை வந்தது.

அன்றிலிருந்து சனிக்கிழமைச் சந்தை திரும்ப வந்தது. நாங்கள் இருவரும் சேர்ந்துதான் போவோம். பனிக்கட்டி வந்ததும் இந்திராக்கா என் கோட்டுக் கையை முழங்கைக்குப் பக்கத்தில் சுருட்டிப் பிடித்துக்கொள்வார். கைகோத்து நடப்பது இல்லை, மல்யுத்தப் பிடி. இரண்டு முறையாவது என் கால் வழுக்கிப் பின்னால் போயிருக்கிறது. இரண்டு முறையும் அந்தப் பிடியில் தொங்கிக்கொண்டு நின்றிருக்கிறேன். இன்று என் இடுப்பெலும்பு முழுசாக இருக்கிறது என்றால் அந்தப் பிடிக்குத்தான் நன்றி சொல்ல வேண்டும். சொல்லியும் இருக்கிறேன். "அது என்ர இல்லை, ஜினெட் தந்தது," என்பார்.

சிக்கல் வேறு இடத்தில் இருந்தது. விழுவதில் தேறிவிட்டார், வீழ்த்துவதில் மாட்டிக்கொண்டார். பிடிக்கத் தெரியும், திருப்பத் தெரியும், ஆளைச் சாய்க்கத் தெரியும். கடைசியில் காலால் எதிராளியின் காலைத் தட்ட வேண்டும். தட்டிய அதே நொடியில், அவர் கேட்காமலே, ஒரு கை பிடியை விட்டுவிட்டுக் கண்ணுக்குப் போய்விடும். ஒற்றைக் கையோடு நிற்பவரை ஜினெட் பூப்போலத் தூக்கிப் போடுவார். நிலவறை முழுக்கச் சிரிப்பு. ஹானும் முதலில் சிரித்தார். பிறகு தலையைச் சொறிந்தார். இப்படி ஒரு தவறை அவர் ஊரிலும் கண்டதில்லை, இங்கேயும் கண்டதில்லையாம்.

இந்திராக்கா சில உபாயங்கள் செய்து பார்த்தார். வகுப்பு தொடங்கும் முன்னே எல்லாரையும் வரிசையாகத் தொட்டுத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, "இது பிறகு படப்போற காலுக்கு," என்று விளக்கம் வேறு சொன்னார். எல்லாரும் தலையாட்டி மன்னித்தார்கள். ஆனால் கைக்கு அந்த ஏற்பாடு தெரியவில்லை. கால் பட்டதும் அது பாட்டுக்குக் கண்ணுக்குப் போயிற்று.

பிப்ரவரியில் ஒருநாள், எப்படியோ, எல்லாம் சரியாக அமைந்தது. பிடி இறுகியது, ஜினெட் சாய்ந்தார், கால் சரியான இடத்தில் தட்டியது, நெட்டை ஜினெட் இவர் இடுப்புக்கு மேலாகப் போனார். அந்த உயரத்தில் இந்திராக்காவின் கை பிடியை விட்டது. மேலே இழுத்துப் பிடிக்க ஆளில்லாமல் ஜினெட் தோள் பட விழுந்தார்.

அன்று மாலை இந்திராக்கா என் வீட்டுக் கதவைத் தட்டினார். கோட்டைக்கூடக் கழற்றவில்லை. சப்பாத்திலிருந்து பனி உருகிக் கம்பளத்தில் வழிவதை அவர் கவனிக்கவும் இல்லை.

"நான் கையை விட்டிட்டன் உஷா. அண்டைக்கு என்னைப் பிடிச்சவாவை நான் விட்டிட்டன். அவா மெர்சி சொல்லேல்லை. சொல்ல ஏலாமல் கிடந்தவா."

தோள்மூட்டு விலகி, ஜினெட்டின் கையைத் துணித்தொட்டிலில் கட்டிவிட்டார்கள். பிள்ளைகளைத் தூக்க முடியாமல் பல வாரம் விடுப்பு. இந்திராக்கா வேலை முடிந்ததும் அவர் வீட்டுக்குப் போவார். சூப், கோழிக்குழம்பு, உறைப்புக் குறைத்த கத்தரிக்காய் என்று எதையாவது கொண்டுபோய், ஒற்றைக் கையால் எடுத்துச் சாப்பிட வசதியாக எல்லாவற்றையும் சின்னச் சின்னத் துண்டாக வெட்டி வைத்துவிட்டு வருவார். போகும்போதும் வரும்போதும் மன்னிப்புக் கேட்பார். ஒருநாள் ஜினெட் கரண்டியை வைத்துவிட்டு, "இந்திரா, எனக்கு உன் மன்னிப்பு வேண்டாம். என் சட்டைக் கையைப் பிடி, போதும்," என்றாராம்.

ஹான் கடுமையானவர் அல்லர். ஆனால் அடுத்தவர் உடம்புக்கு அவர்தானே பொறுப்பு? இனிக் கொஞ்ச காலம் விழ மட்டும் செய்யுங்கள், யாரையும் வீழ்த்த வேண்டாம் என்று இவரிடம் சொன்னார். மே மாதக் கடைசியில் ஒவ்வொருவரும் தன் ஜோடியை எல்லார் முன்னாலும் வீழ்த்திக் காட்ட வேண்டும். அன்று இந்திராக்கா பிடியை விடாமல் வீழ்த்தினால் தொடரலாம். விட்டால் வகுப்பில் வைத்துக்கொள்ள முடியாது.

"நிப்பாட்டிப் போடுவார். அவரிலயும் பிழை இல்லை," என்றார் இந்திராக்கா. "பேந்து விண்டர் வரும். விழப் பழகினது இப்பதான் உடம்பில கொஞ்சம் ஊறியிருக்கு. விட்டா அதுவும் போயிடும். நான் திரும்பியும் சுவரைப் பிடிச்சுக்கொண்டுதான்."

என்னை வருத்திய விஷயம் ஒன்று உண்டு. மார்ச் மாதம் சந்தைக்குப் போகும் வழியில் பனிக்கட்டி வந்தது. நான் வழக்கம்போலக் கையைச் சற்று நீட்டிக் காத்திருந்தேன். அவர் பிடிக்கவில்லை. கோட்டுப் பையில் இரண்டு கையையும் விட்டுக்கொண்டு, எனக்கு ஒரு முழம் தள்ளி நடந்தார்.

"என்னக்கா, பிடிச்சுக்க மாட்டீங்களா?"

"என்ர கையை எனக்கே நம்பிக்கை இல்லை உஷா. நீங்க கம்பியைப் பிடியுங்கோ."

நான் கம்பியைப் பிடித்துக்கொண்டு நடந்தேன். கம்பி மகா குளிராக இருந்தது.

ஏப்ரலில் என் கூரை பேசத் தொடங்கியது. சாயங்காலம் ஆறு மணி வாக்கில் மேலே "தொம்" என்று ஒரு சத்தம். கூடத்து விளக்கு ஆடியது. உடனே தடதடவென்று காலடி, பிறகு பேச்சுக்குரல். கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் "தொம்". யாருக்காவது ஏதாவது ஆகிவிட்டதோ என்று ஓடிப்போய்க் கதவைத் தட்டினேன். கூடத்தின் நடுவில் கட்டில் மெத்தை கிடந்தது. மெத்தைமேல் பேரின்பநாதன் அண்ணன், துறைமுகத்துக்குப் போட்டுக்கொண்டு போகும் செம்மஞ்சள் நிறக் கெட்டி ஜாக்கெட்டோடு, மல்லாந்து கிடந்தார்.

"வாங்கோ உஷா, இருங்கோ," என்றார் படுத்தபடியே. "இவாவுக்குப் பழக ஆள் இல்லையாம். ஜாக்கெட்டைக் கிழிக்காட்டிச் சரி எண்டு சொல்லி நிக்கிறன்."

இந்திராக்கா முகம் சிவந்து ஓரமாக நின்றார். கணவன் மேல் கால் படுவதா? கலியாணம் ஆன நாளிலிருந்து தூக்கத்தில்கூடப் படாமல் காத்து வந்தவர். ஒவ்வொரு முறையும் தட்டுவார், விடுவார், கண்ணில் ஒற்றிக்கொள்வார், பிறகு ஓடிப்போய் அவரைத் தூக்குவார். நான் கீழே கேட்ட தடதட அதுதான்.

அண்ணன் எழுந்து உட்கார்ந்து முதுகைத் தடவிக்கொண்டார். "இஞ்ச பாரும். போர்ட்டில கொண்டெய்னரைத் தூக்கினா, அது கீழ வந்து இருக்குமட்டும் நாங்கள் கொக்கியைக் கழட்டுறேல்லை. இருந்த பிறகு கழட்டலாம், கும்பிடலாம், தேத்தண்ணி குடிக்கலாம். ஆகாயத்தில நிக்கேக்க கழட்டாதையும். இப்ப நான் ஆகாயத்தில நிக்கிறன் எண்டு நினையும்."

"உங்களைக் கொண்டெய்னர் எண்டு நினைக்கட்டோ?" என்றார் இந்திராக்கா.

"சாப்பாடு போட்டது நீர்தானே. பாரத்துக்கு நீர்தான் பொறுப்பு."

பிறகு நான் மேலே போகவில்லை. போக வேண்டிய தேவையும் இருக்கவில்லை. கீழே நாற்காலியில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டே எல்லாவற்றையும் காதால் பார்த்தேன். "தொம்" என்று கேட்டு உடனே தடதட வந்தால், கை விட்டுவிட்டது என்று அர்த்தம். விடாமல் பிடித்தால் சத்தம் வேறு. மெதுவாக, யாரோ நெல்மூட்டையை இறக்கி வைப்பதுபோல் "மொத்" என்று ஒன்று வரும், பிறகு அமைதி. ஏப்ரல் முழுக்கத் தொம். மே தொடக்கத்தில் நடுநடுவே ஒரு மொத். ஒரு வெள்ளிக்கிழமை மொத், மொத், மொத் என்று வரிசையாகக் கேட்டபோது நான் தனியே உட்கார்ந்து கைதட்டினேன். மறுநாளே மறுபடி தொம். இவர் மனசு என்ன நிலையில் இருக்கிறது என்பதை என் கூடத்து விளக்கைப் பார்த்துச் சொல்லிவிடலாம்.

மே மாதக் கடைசி ஞாயிறு அந்த நிலவறையில் மடக்கு நாற்காலிகள் போட்டிருந்தார்கள். நானும் போனேன். பேரின்பநாதன் அண்ணன் வேலையிலிருந்து நேரே வந்து, சப்பாத்தைக் கழற்றிக் கதவோரம் வைத்துவிட்டு, செம்மஞ்சள் ஜாக்கெட்டோடு என் பக்கத்தில் உட்கார்ந்தார். முதுகை நாற்காலியில் சாய்க்காமல்தான் உட்கார்ந்திருந்தார். காரணம் எனக்குத் தெரியும் என்பதால் கேட்கவில்லை.

இந்திராக்காவின் முறை வந்தது. ஹான் அவருக்கு ஜோடியாக ஒரு தடித்த வாலிபரை நிறுத்தியிருந்தார். விழுந்தால் ஒன்றும் ஆகாத உடம்பு. அந்த வாலிபர் எழுந்து வரும்போது, பின்வரிசையில் இருந்து ஜினெட் எழுந்தார். தோள் ஆறிச் சில வாரம்தான் ஆகியிருந்தது. அன்று பார்க்க வந்தவர் என்றுதான் நாங்கள் நினைத்திருந்தோம். மேலே போட்டிருந்த ஸ்வெட்டரைக் கழற்றினார். உள்ளே மல்யுத்தச் சட்டை.

"அவர் வேண்டாம். நான் நிற்கிறேன்," என்றார் ஹானிடம்.

ஹான் அவர் தோளைப் பார்த்தார். ஜினெட் தோளைச் சுழற்றிக் காட்டினார். இந்திராக்கா, "வேண்டாம் ஜினெட், வேண்டாம்," என்று பின்னால் நகர்ந்தார். ஜினெட் விரிப்பில் ஏறி, முன்னால் வந்து நின்று, பிடி என்று சொல்வதுபோல் தன் சட்டைக் கையை நீட்டினார். விலகிய அதே தோள்.

இந்திராக்கா விரிப்பைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். ஏறினார். நீட்டிய கையைப் பார்த்துக்கொண்டே சிறிது நேரம் நின்றார். பிறகு சட்டைத் துணியைச் சுருட்டிப் பிடித்தார். என் கோட்டைப் பிடிக்கிற அதே பிடி என்று எனக்குத் தெரிந்தது. மார்ச்சிலிருந்து நான் அதைக் காணவில்லை.

இருவரும் வட்டமாக நகர்ந்தார்கள். ஜினெட் விட்டுக்கொடுக்கவில்லை. ஒருமுறை இந்திராக்காவையே ஆட்டிப் பார்த்தார். இவர் பாதத்தைப் பரப்பி நின்றார். அப்புறம் இழுத்தார், திரும்பினார், ஜினெட் சாய்ந்தார், இந்திராக்காவின் வலது கால் ஜினெட்டின் கணுக்காலில் பட்டது. பக்கத்தில் அண்ணன், "கழட்டாதையும், கழட்டாதையும்," என்று வாய்க்குள்ளேயே சொன்னார். இந்திராக்காவின் முழங்கை கண்ணை நோக்கி மடங்கப் போய், நின்றது. ஜினெட் காற்றில் போய், இறங்கி, விரிப்பில் வந்து படுத்தார். மொத் என்று சத்தம் கேட்டது.

இந்திராக்கா குனிந்தபடி நின்றார். சட்டைக் கை அவர் விரல்களுக்குள் அப்படியே இருந்தது.

"மெர்சி," என்றார் ஜினெட், விழுந்த இடத்திலிருந்து.

இந்திராக்கா அவரை இழுத்து எழுப்பி நிறுத்தினார். எல்லாரும் கைதட்டினார்கள். ஹான் ஏதோ சொல்லிக்கொண்டு முன்னால் வந்தார். இவர் காதில் எதுவும் விழுந்ததாகத் தெரியவில்லை. விரல்களைத் தளர்த்தவும் இல்லை. பிடித்த பிடியிலேயே, ஜினெட்டின் கையோடு சேர்த்து அந்தச் சட்டைக் கையை மேலே தூக்கி, தன் இரண்டு கண்களிலும் ஒற்றிக்கொண்டார்.